மில்பிடாஸ் இனியனின் இடது கை

அரிசி மூட்டையை வலது தோளில்தான் ஏற்றுகிறான் இனியன். கதவைத் திறப்பது, காரில் பெட்டியைத் தூக்கி வைப்பது எல்லாமே வலது கைதான். இடது கை பந்து எறிவதற்கு. டெக்சாஸில் ஒரு மைனர் லீக் அணி, அதாவது பெரிய லீக்குக்கு ஒரு படி கீழே ஆடும் பேஸ்பால் அணி, அந்தக் கைக்குத்தான் சம்பளம் தருகிறது. ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை ஆட்டம், குளிர்காலத்தில் கலிபோர்னியாவில் எங்கள் ஊர் மில்பிடாஸ் மளிகைக் கடையில் வேலை, நடுநடுவே நடிப்பு. இதுவரை ஒரு பற்பசை விளம்பரம், தமிழ் மன்ற நாடகங்கள் நான்கு.

டயப்பர் கட்டிய நாளிலிருந்து அவனை எதிர்வீட்டில் இருந்து பார்க்கிறேன். இருபத்தெட்டு வயதானாலும் எனக்கு அவன் 'அவன்'தான்.

சின்ன வயதில் இடது கையால் சோற்றைத் தொட்டால் அம்மா சாந்தாமணி முறைப்பார். "சோத்துக்கு வேண்டாம் சாமி, பந்துக்கு வெச்சுக்கோ." இன்றும் அவன் சாப்பிடும்போது, மணிக்குத் தொண்ணூற்று மூன்று மைல் வேகத்தில் எறிகிற கை மடியில் சும்மா கிடக்கும்.

மேடையில் அவனுக்கு ஒரு கிறுக்குப் பழக்கம். ஆட்டத்தில், எதிரே குந்தியிருந்து பந்து பிடிப்பவர் விரலால் சைகை காட்டுவார். இவன் தலையாட்டிவிட்டு எறிவான். அதே ஞாபகத்தில், நாடகத்திலும் திரைமறைவில் வசனம் எடுத்துக் கொடுக்கும் ஷ்யாமளாவைப் பார்த்துத் தலையாட்டிவிட்டுத்தான் வாயைத் திறப்பான். காதல் காட்சியிலும்! ஒத்திகையில் கதாநாயகி சண்முகப்ரியா கேட்டே விட்டாள்: "நீ லவ் பண்றது என்னையா, ஷ்யாமளா ஆன்ட்டியையா?"

போன மாதம் சென்னையிலிருந்து சினிமாக்காரர்கள் வந்தார்கள். பக்கத்து ஊரான சான்டா கிளாராவில் ஒரு பேஸ்பால் மைதானத்தில் படப்பிடிப்பு. நாயகனுக்குப் பந்து எறியும் எதிரணிக்காரன் வேடம் இனியனுக்கு. முதல் சினிமா, நாலு வரி வசனம். அப்பா கிட்டுசாமி உடுமலைப்பேட்டை வரைக்கும் போன் போட்டுவிட்டார். "பையன் சினிமால வர்றானுங்க."

காட்சி இதுதான்: நாயகன் பந்தை வேலிக்கு வெளியே அடிப்பார், இனியன் முழங்காலிட்டு விழுந்து அழ வேண்டும். கிட்டுசாமியும் நானும் வேலியோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்தோம். நாலு டேக் ஆயிற்று. ஒவ்வொரு முறையும் இவன் மரம் மாதிரி நின்றான். இயக்குநர் திருமூர்த்திக்குப் பொறுமை போய்விட்டது.

"தம்பி, இன்னும் ஒரு டேக். விழலேன்னா வேற ஆளைப் போட்டுடுவேன்."

"அழறேன் சார், நோ ப்ராப்ளம். ஆனா விழ மாட்டேன். கேம்ல யாரும் அப்படிப் பண்ண மாட்டோம். என் டீம் பசங்க படத்த வாட்ச் பண்ணுவாங்க."

 வந்த வாய்ப்பை எட்டி உதைக்கிறானே பாவி என்று எனக்கு ஆத்திரம். "விழுந்து தொலைக்கச் சொல்லுங்களேன்" என்று கிட்டுசாமியின் காதைக் கடித்தேன். ஊர் முழுக்கச் சொல்லி வைத்த மனுஷன், அசையவில்லை.

"அது அவன் தொழிலுங்க. நாம என்னத்தச் சொல்றது?"

அப்படிச் சொன்னதற்கு வெட்கப்பட்டேன். இப்படி ஒரு அப்பனும் மகனும் நம் தெருவில் இருக்கிறார்களே என்று பெருமையாகவும் இருந்தது.

ஐந்தாவது டேக். இனியன் எறிந்தான், நாயகன் அடித்தார், பந்து வேலியைத் தாண்டிப் பறந்தது. அது போன திசையை அவன் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கண் நிறைந்து கன்னத்தில் வழிந்தது. திருமூர்த்தி வாயைத் திறந்தார், 'கட்' வரவில்லை. இனியன் நிமிர்ந்து நின்றபடியே, அடுத்த பந்தைக் கொடு என்று கையுறையை நீட்டினான்.