அண்ணனைக் குளிப்பாட்டிய தண்ணீர்

இந்த நினைவு மலரின் அட்டையில் அண்ணன் படத்துக்குக் கீழே "மக்கள் தொண்டர்" என்று அச்சடித்திருப்பதாக என் மகள் படித்துக் காட்டினாள். எனக்கு எழுத்து வராது. நான் சொல்லச் சொல்ல அவள்தான் எழுதுகிறாள். ஓராண்டு நினைவுக்கு வந்திருக்கும் உறவினர்களும் நண்பர்களும், அட்டை அண்ணன் மகன் போட்டது, இந்தப் பக்கம் தம்பி சொன்னது என்று பிரித்து வைத்துக்கொள்ள வேண்டும்.

அண்ணன் பிறந்தது கெலமங்கலத்துக்குப் பக்கத்தில், இதே ஊரில். ஒருவரைத்தான் படிக்க வைக்க முடியும் என்று அப்பா அவரைப் பள்ளிக்கு அனுப்பினார், என்னிடம் மாடுகளை விட்டார். அதில் ஒரு மயிலைக் காளை, சந்தைக்குப் போனால் தானாகவே வீடு திரும்பும். அதைப் பற்றிச் சொல்ல நிறைய நல்ல விஷயம் இருக்கிறது. மலர் அண்ணனுக்கானது என்பதால் விடுகிறேன்.

வெள்ளைக்காரன் காலத்தில் அண்ணன் ஜில்லா போர்டு மெம்பர். அப்போது வரி கட்டுகிறவர்களுக்குத்தான் ஓட்டு. எங்கள் ஊரில் அவர்கள் ஒரே மாட்டுவண்டியில் அடங்குவார்கள். வண்டியையும் அண்ணனே அனுப்பினார். ஓட்டுக் கேட்கத் தெலுங்கு, இஞ்சினீயரிடம் கன்னடம், எங்களைத் திட்டத் தமிழ் என்று வைத்திருந்தார். துரையிடம் எந்த மொழியும் பேசியதில்லை. தலை மட்டும் ஆடும்.

ஊருக்குப் பொதுக் கிணறு வேண்டுமென்று போர்டில் கேட்டு வாங்கியவர் அவர்தான். அது உண்மை. வெட்டிய இடம் அவர் வீட்டை ஒட்டிய மாந்தோப்பு. ஊரே மண் சுமந்தது. நானும் சுமந்தேன். தண்ணீர் கண்டதும் சுற்றிலும் சுவர் எழும்பியது, இரும்புக் கதவு வந்தது, பூட்டும் தொங்கியது. கேட்டதற்கு, "பொதுச் சொத்தக் காபந்து பண்ணணுமில்ல?" என்றார்.

வெள்ளைக்காரன் போனதும் கோட்டைக் கழற்றிக் கதர் போட்டார். கோட்டைத் தைத்தவரே கதரையும் தைத்தார். பிறகு ஓசூரில் கம்பெனிகள் வந்தன. துரைக்கு ஆடிய தலை மேனேஜர்களுக்கும் ஆடியது. கடைசியில் படுக்கையில் விழுந்தபோதும் கிணற்றுச் சாவி அவர் அரைஞாணில்தான் கிடந்தது.

போன பங்குனியில் காலமானார். எங்கள் ஊரில் பிணத்தைக் குளிப்பாட்டப் பொதுத் தண்ணீர்தான் எடுக்க வேண்டும். மேளத்தோடு போய்ப் பங்காளிகள் குடத்தில் மொண்டு வருவோம். வீட்டுக் கிணற்றுத் தண்ணீர் ஆகாது. அண்ணன் கதவு திறக்காததால், இத்தனை காலமும் ஊரார் தங்கள் சாவுக்கெல்லாம் ஏரியில்தான் மொண்டார்கள். அந்தக் கோடையில் ஏரி வறண்டு கிடந்தது. தோப்புக் கிணற்றை விட்டால் வேறு தண்ணீர் இல்லை என்று குடத்தோடு அங்கேயே போனோம்.

மேளக்காரர்கள் தோப்பு வாசலில் அடியை நிறுத்திவிட்டார்கள். பக்கத்து வீட்டு முனியம்மா முன்னால் வந்து அண்ணன் மகனைக் கேட்டாள்:

"இது ஊட்டுக் கெணறா, ஊருக் கெணறா? சொல்லு சாமி. ஊட்டுக் கெணறுன்னா மொள்ளக் கூடாது."

அவன் என்னைப் பார்த்தான். கிணற்றோடு தோப்பை ஒரு கம்பெனிக்குக் கொடுக்க அப்போதே பேசி முடித்திருந்தான். பொது என்றால் விற்க முடியாது. வீடு என்றால் அப்பனைக் குளிப்பாட்ட முடியாது.

"சித்தப்பா, நீங்களாவது சொல்லுங்க."

"நான் மண்ணு செமந்தவன்டா. நான் சொன்னா ஊருக் கெணறுன்னுதான் சொல்லுவேன்."

"சரி, இன்னிக்கி மட்டும் பொதுன்னு வெச்சுக்கலாம்."

"ஏன், உங்கப்பாரு இன்னிக்கி மட்டுந்தான் செத்திருக்காரா? நாளைக்கி எந்திரிச்சு வந்துருவாரா?" என்றாள் முனியம்மா. சாவு வீடு என்றும் பாராமல் சிலர் சிரித்தார்கள்.

வெயில் ஏறிக்கொண்டிருந்தது. உள்ளே பிணத்தின் பக்கத்திலிருந்து அண்ணி எழுந்து வந்தார். கையில் சாவி. அரைஞாணை அறுத்தே எடுத்திருக்கிறார்.

"பொதுன்னு சொல்லுடா. அந்த மனுசன் நாறிப் போறதுக்குள்ள சொல்லு."

அவன் முணுமுணுத்தான்.

"மேளக்காரருக்குக் கேக்கல," என்றாள் முனியம்மா.

"பொதுக் கெணறு!" என்று கத்தினான். அழுதான். அப்பனுக்காகவா தோப்புக்காகவா என்று நான் கேட்கவில்லை.

கதவைத் திறக்க அண்ணி விடவில்லை. கடப்பாரை கொண்டு வரச் சொல்லிப் பெயர்த்தெடுக்க வைத்தார். சாவியைக் கிணற்றில் போட்டார். அதன் பிறகுதான் மேளம் அடித்தது.

கதவு இன்றுவரை திரும்ப மாட்டப்படவில்லை. காலையில் குடங்கள் வரிசையாக நிற்கின்றன. அண்ணன் ஊருக்குச் செய்த தொண்டு அது ஒன்றுதான். அதையும் செத்த பிறகுதான் செய்தார்.

இறுதிச் சடங்குக்கு வந்தவர்களுக்கும், பந்தல் போட்டவர்களுக்கும், சமைத்தவர்களுக்கும் நன்றி. அன்று வாசலில் அடியை நிறுத்திய மேளக்காரர்களுக்குத் தனியாக நன்றி. அண்ணன் சார்பிலும் சொல்லிக்கொள்கிறேன். அவர் இருந்த வரை யாருக்கும் சொன்னதில்லை.