மீட்டர் என்று சொன்ன அட்மிரல்

கோயில் கேன்டீனில் இட்லிக்கு வரிசையில் நின்றபோது செய்தி வந்தது. அட்மிரல் காலமானார் என்று பழைய அலுவலக வாட்ஸ்அப் குழுவில் செந்தில் போட்டிருந்தான். அடுத்த நிமிடமே குழு முழுக்கக் கைகூப்பிய பொம்மைகள், ஆகா ஓகோ என்று புகழ். "போய்ச் சேந்துட்டாரு, இன்னும் என்ன? நல்லதா நாலு வார்த்தை எழுதுங்க" என்றாள் மனைவி. எழுதுகிறேன். நல்லதாக வருமா என்று தெரியாது.

தெரியாதவர்களுக்கு: பிரிட்டிஷ் கடற்படையில் ரியர் அட்மிரலாக ஓய்வு பெற்றவர். மூன்று போர்க்கப்பல்களுக்குக் கேப்டனாக இருந்தவர். பிறகு ஹூஸ்டனில், கப்பல்களுக்கு வழி காட்டும் மென்பொருள் எழுதும் எங்கள் கம்பெனிக்கு மேலாளராக வந்தார். ஒன்பது மணி மீட்டிங்குக்கு எட்டு ஐம்பத்தைந்துக்கே கதவைச் சாத்திவிடுவார், கடற்படை வழக்கமாம். மகளை டேகேரில் விட்டுவிட்டு ஃப்ரீவேயில் மாட்டிக்கொள்ளும் நான், பல நாள் அந்தக் கதவுக்கு வெளியே லேப்டாப்போடு நின்றிருக்கிறேன்.

"கப்பல் தரை தட்டினால் கேப்டன்தான் பொறுப்பு. அவன் தூங்கிக்கொண்டிருந்தாலும் சரி" என்று வாரம் ஒருமுறையாவது சொல்வார். புல்லரித்துப்போய்க் கேட்டவர்களில் நானும் ஒருவன்.

ஒரு பெரிய வாடிக்கையாளருக்கு டெமோ. அவர்கள் கொடுத்த அமெரிக்க வரைபடத்தில் கடலின் ஆழம் அடிக்கணக்கில் இருப்பதாக எனக்குப் பட்டது. சொன்னேன். மீட்டரில் ஆழம் குறிக்கும் பிரிட்டிஷ் வரைபடங்களோடே வாழ்ந்த மனிதர் ஒரே வரியில் மெயில் அனுப்பினார்: "மீட்டர். விவாதம் வேண்டாம்." அப்படியே மாற்றினேன். டெமோ அன்று, முப்பது அடி ஆழத்தை முப்பது மீட்டர் என்று நம்பிய கப்பல் வாடிக்கையாளர் கண்முன்னே திரையில் தரை தட்டி நின்றது.

விசாரணையில் அட்மிரல் என் முகத்தைப் பார்க்காமலே சொன்னார்: "என் இன்ஜினியரை நம்பினேன்." மெயிலைக் காட்டினேன், யாரும் படிக்கவில்லை. வேலை போனது. விசா விதிப்படி வேறு வேலை தேட அறுபதே நாள். கிரீன் கார்டு விண்ணப்பமும் அதோடு செத்தது. புது விசாவுக்காக நான் முட்டி மோதிக்கொண்டிருந்த மாதத்தில்தான் கோவில்பட்டியில் அப்பா இறந்தார். போனால் திரும்ப முடியாது என்றார் வக்கீல். தம்பி கொள்ளி வைத்ததை மூத்த மகன் நான் போனில் பார்த்தேன். இதை நான் மன்னிக்கவில்லை. செத்துப்போனார் என்பதற்காக இன்று மன்னிக்கப்போவதும் இல்லை.

சனிக்கிழமை பதினோரு மணிக்கு இரங்கல் கூட்டம். பத்து ஐம்பத்தைந்துக்கே போய் உட்கார்ந்துவிட்டேன். அந்தப் பழக்கம் மட்டும் தொலைய மாட்டேன் என்கிறது. அவர் நடத்திய கப்பல்களின் பெயர்களை வரிசையாக வாசித்தார்கள். தரை தட்டிய கப்பலைப் பற்றி யாரும் பேசவில்லை.

போன மாதம், இப்போதைய கம்பெனியில் என் டீமில் கீர்த்தனா செய்த வேலையில் ஒரு பெரிய பிழை. அவளும் விசாவில் இருப்பவள். மேலிடத்தில் கேட்டபோது, பார்த்து அனுப்பியது நான், என் தவறு என்றேன். வெளியே வந்ததும், "ஏண்ணா உங்க மேல போட்டுக்கிட்டீங்க?" என்றாள்.

"கப்பல் தரை தட்டினா கேப்டன்தாம்மா பொறுப்பு."

யார் சொன்னது என்று கேட்டாள். பெயரைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அவரிடமிருந்து நானாக விரும்பி வைத்துக்கொண்டது அந்த ஒரு வாக்கியம்தான். பெயர் அவரோடு போகட்டும்.