ரம்லத் பீவி பிறை பார்த்துக் கட்டிய தவணை

என் தம்பி ஷேக் பரீதுக்குக் கடல் தெரியும், கோர்ட்டு தெரியாது. பேங்குக் கடனில் மீன்பிடிக்க ஒரு வத்தைப் படகு வாங்கினான். இரண்டு வருஷம் மீன் ஏமாற்றியது. பேங்கு வழக்குப் போட்டது. நயா பைசா வந்த வருஷம் அது. கோர்ட்டில் அவன் வாயே திறக்கவில்லை. பேசியதெல்லாம் அவன் பெண்டாட்டி ரம்லத் பீவிதான்.

"வத்தைய ஏலம் போட்டுட்டா எதுல போயி மீன் புடிச்சு கடன் கட்டுறதுங்க? மாசாமாசம் வாங்கிக்கிங்க."

ஜட்ஜு ஒப்புக்கொண்டார். மாசம் இருபது ரூபாய், ஏழாம் தேதிக்குள், முப்பத்தாறு தவணை. ஒன்று தவறினாலும் வத்தை ஏலத்துக்குப் போகும்.

முதல் தவணை கட்டிய அன்று பிறையும் ஏழு, இங்கிலீஷ் தேதியும் ஏழு. அவளுக்கும் அவள் நாத்தனாரான எனக்கும் எழுத்து தெரியாது. கட்டுமாவடியில் எங்களுக்கு மாசம் என்றால் பிறைதான். அதனால் ஏழாம் பிறைக்கு ஏழாம் பிறை அறந்தாங்கி பஸ் ஏறினோம்.

"என்னம்மா, தேதி வரதுக்கு முந்தியே வந்து நிக்கிறீங்க?" என்பார் கேஷியர் ஆத்மநாதன்.

"பிந்துனாத்தானே ஏலம். முந்துனா ஜெயிலுங்களா?" என்பாள் இவள். சிரித்துக்கொண்டே ரசீது போடுவார். ரசீதையெல்லாம் வலை நூலில் கோத்து வைத்திருந்தாள்.

மூன்றாம் வருஷ மழையில் பதினெட்டு நாள் கடலில் இறங்க முடியவில்லை. விற்கக் கருவாடும் இல்லை. ஏழாம் பிறையன்று அவள் முந்தானை முடிச்சில் இருந்தது ஏழு ரூபாய். தம்பி கரையில் கிடந்த வத்தைமேல் ஏறி உட்கார்ந்துவிட்டான்.

"ஏலம் போட்டா என்னையும் சேத்துப் போடட்டும்."

"ஒங்கள எவன் கேப்பான்?" என்றுவிட்டு என்னோடு பஸ் ஏறினாள்.

பேங்கில் ஏழு ரூபாயை நீட்டி, "மிச்சம் மழ விட்டதும் தாரேங்க" என்றாள். கேஷியர் பேரேட்டைப் பார்த்தார்.

"இந்த மாசத்துக்கு வேணாம்மா. போன மாசமே கட்டியாச்சு."

"கட்டலேன்னு சொல்லி வத்தையத் தூக்கவாங்க? வாங்கிக்கிங்க."

அவர் தலையில் கைவைத்துக்கொண்டார். "நீங்க எந்த மாசக் கணக்குல வாரீங்க?"

"எல்லாரும் வச்சிருக்க கணக்குதான். பிறை."

நூலிலிருந்த ரசீதுகளை அவர் எண்ணினார், முப்பத்து மூன்று. அப்புறம் முதல் தவணையிலிருந்து மாசங்களை ஒவ்வொன்றாகச் சொல்லச் சொல்ல, அவள் விரல் மடக்கினாள். இந்த மாசத்தோடு சேர்த்தே முப்பத்து மூன்றுதான் வந்தது.

"பிறை மாசம் சின்னதும்மா. எங்க மாசம் பெருசு. நடந்த நடையில ஒரு மாசம் முந்திட்டீங்க."

அப்போதும் அவள் நம்பவில்லை. "எழுதி முத்திரை குத்திக் குடுங்க" என்று, அதை வாங்கின பிறகுதான் நகர்ந்தாள்.

"இனிமேலாவது தேதியக் கேட்டுட்டு வருவமா?" என்றேன்.

"சும்மா இருங்க மச்சி. மிச்சம் மூணுக்கும் பிறைதான்."

ஊர் திரும்பினபோது தம்பி தூறலில் நனைந்தபடி வத்தைமேலேயே இருந்தான். காகிதத்தை வாங்கி இப்படியும் அப்படியும் திருப்பினான். அவனுக்கும் எழுத்து தெரியாது.

"என்ன போட்டிருக்கு?"

"எறங்கி வந்து சோறு திங்கச் சொல்லிப் போட்டிருக்கு" என்றாள்.