ஒரு பலாவும் இருபத்தாறு நிமிடமும்

காலை 6.10. நாமக்கல்லில் கொல்லிமலைப் பேருந்து ஏறினேன். டிக்கெட் நாற்பத்தைந்து ரூபாய். ஜன்னல் மூடவில்லை, நடத்துநரிடம் இரண்டு முறை சொல்லியும் பயனில்லை. பையில் அளவுக் கயிறு, டேப், என் பழைய நோட்டு. முப்பத்தொரு வருடம் மரக்கடையில் மரம் அளந்தவன் நான். ஓய்வு பெற்ற பிறகு இந்த மலைக்கு வருவது இதுவே முதல் தடவை.

அழைத்தவர் சடையன், மலையில் மிளகு போட்டிருப்பவர். ஊற்றுக்கு மேலே நிற்கும் பழைய பலாவை விலைக்குக் கொடுக்கப்போகிறார், என் அளவைத்தான் நம்புவாராம். அதே ஊற்றைச் சுற்றி நின்ற பதினான்கு காட்டு மரங்களைப் பத்தொன்பது வருடத்துக்கு முன் வெட்டுவதற்காக அளந்ததும் நான்தான். “இடம் சும்மா கிடக்க வேண்டாம், சீக்கிரம் வளரும் சில்வர் ஓக் வையுங்கள்” என்று அன்று யோசனை சொன்னதும் நான்தான்.

7.05. சேந்தமங்கலம் தாண்டி, காரவள்ளியில் மலை தொடங்கியது. எழுபது கொண்டை ஊசி வளைவுகள். நாற்பத்து மூன்றாவதன் பலகையைக் காணோம். ஐம்பத்தெட்டில் மர லாரி ஒன்று இறங்க வழிவிட்டு நின்றோம். அறுபத்திரண்டு கட்டைகள், அத்தனையும் சில்வர் ஓக்.

8.40. சோளக்காட்டில் டீ பதினைந்து ரூபாய், சர்க்கரை அதிகம். அங்கிருந்து இரண்டு கிலோமீட்டர் நடை. முதல் நூறு எட்டு வைப்பதற்குள் பதினொரு வகை மரம் எண்ணினேன். சடையனின் தோட்டத்துக்குள் நூறு எட்டுக்கு ஒரே வகை. எல்லாம் ஒரே உயரம், ஒரே வயது. கீழே புதர் கிடையாது. காய்ந்த இலை மட்டும் நொறுங்கியது.

9.30. சடையனும் அவர் மனைவி காளியம்மாளும் ஊற்றடியில் இருந்தார்கள். சற்றுத் தள்ளி, பலாவை வாங்க வந்த லாரிக்காரர் மெஷின் வாளோடு காத்திருந்தார். காளியம்மாள் ஊற்று நீர் விழும் மூங்கில் தூம்பின் கீழ் பிளாஸ்டிக் குடத்தை வைத்தார்.

“ஐயா, இந்தக் கொடம் ரொம்பறதுக்குள்ள அளந்து முடிச்சிருவீங்களா?”

“பத்து நிமிஷம் போதும்மா.”

“அப்பப் பாப்போம்” என்று சிரித்தார்.

மரத்தைச் சுற்றிக் கயிறு போட்டேன். கயிற்றை நாலாக மடித்து அளப்பது எங்கள் தொழில் முறை. சுற்று எட்டடி, கால் சுற்று இரண்டடி, நேரான நீளம் பன்னிரண்டடி. நாற்பத்தெட்டு கன அடி. சடையனின் கொடுவாளை வாங்கி, அதன் பின்புறத்தால் ஐந்து இடத்தில் தட்டிக் கேட்டேன். பொந்து இல்லை, கெட்டி மரம். சந்தேகத்துக்கு மறுபடியும் அளந்தேன். குடத்தில் பாதிகூடத் தண்ணீர் ஏறவில்லை.

“எதுக்குக் குடுக்கறீங்க?” என்று சடையனிடம் கேட்டேன்.

“போர் போடக் காசுக்குத்தாங்க. ஊத்து நின்னுட்டுதுன்னா குடிக்க என்ன பண்றது? திருச்செங்கோட்டு ரிக்கு வரச் சொல்லியிருக்கேன்.”

“தண்ணிக்காகத் தண்ணி மேல நிக்கற மரத்த வெட்டுறாரு” என்றார் காளியம்மாள். “நான் சொன்னா ஏறாது. நோட்டுல எழுதுறவரு சொன்னாத்தான் ஏறும்.”

லாரிக்காரர் பொறுமை இழந்தார். “ஏனுங்க பெரியவரே, கொடத்தையே பாத்துட்டு உக்காந்திருந்தா பொழுது போயிருமுங்க. வெட்டலாமுங்களா?”

நான் கடிகாரத்தை விட்டுக் கண்ணெடுக்கவில்லை. குடம் நிறைய இருபத்தாறு நிமிடம் ஆனது. முன்பு எவ்வளவு நேரம் ஆகும் என்று கேட்டேன். “வச்சுட்டுத் திரும்பினா வழியும், அப்ப யாரு மணி பாத்தா?” என்றார் காளியம்மாள்.

பார்த்தவன் ஒருவன் இருந்தான். பழைய நோட்டைப் புரட்டினேன். பதினான்கு மரங்களின் அளவுக்குக் கீழே, வழக்கம்போல் நேரம் குறித்திருந்தேன். அதை உரக்க வாசித்தேன்: “3.10, தூம்பில் கை கால் முகம் கழுவி, இரண்டு பாட்டில் பிடித்தேன். 3.12, புறப்பாடு.”

இரண்டே நிமிடம்.

“பலா நின்றால் ஊற்று வற்றாமல் இருக்குமா என்று எனக்குத் தெரியாது” என்றேன். “மரம் அளக்கத்தான் தெரியும். ஆனால் அந்தப் பதினாலையும் வெட்டலாம் என்று சொன்ன வாய் இது. இதையும் வெட்டச் சொல்லி என்னால் சொல்ல முடியாது.”

சடையன் நோட்டை வாங்கி அந்த வரியை விரலால் தடவினார். பிறகு லாரிக்காரரிடம், “ஊத்துக்கு மேல நிக்கற ஓக்க வெட்டிக்கப்பா. பலா இந்த மழை முடியற வரைக்கும் இருக்கட்டும்” என்றார்.

“இதுக்கா வண்டிய இத்தன வளவு ஏத்திக் கொண்டாந்தேன்? பெரியவருக்கு நல்ல கைராசிங்க!”

காளியம்மாள் அந்தக் குடத்திலிருந்து ஒரு சொம்பு மொண்டு நீட்டினார். புதுத் தண்ணீர் எனக்கு ஒத்துக்கொள்ளாது, பயந்துகொண்டேதான் குடித்தேன். சிந்தவில்லை.

2.20. திரும்பும் பேருந்து. இந்த ஜன்னலும் மூடவில்லை. சரிவின் காட்டில் பல வகைப் பச்சை தெரிந்தது; தலையைத் திருப்பி மேலே பார்த்தால் வகிடு எடுத்தது போல ஓக் வரிசைகள். அவற்றில் எத்தனை என் கயிற்றுக்குப் பிறகு வந்தவை என்று கணக்கிட முயன்று, விட்டுவிட்டேன்.

மாலை 5.45. நாமக்கல்லில் வீட்டுக்கு வந்ததும் குழாயடியில் அதே அளவுக் குடம் ஒன்றை வைத்தேன். ஐம்பத்திரண்டு விநாடியில் நிறைந்தது. சடையன் வீட்டுக் குடம் ஒன்று நிறைவதற்குள் என் வீட்டில் முப்பது குடம் நிறையும். என் நோட்டில் ஒவ்வொரு மரத்துக்கும் நேரே ‘வெட்டிய நாள்’ என்று ஒரு கட்டம் உண்டு. பலாவின் கட்டத்தில் ‘26 நிமிடம்’ என்று எழுதினேன். மழை முடிந்ததும் குடத்துக்கு எத்தனை நிமிடம் ஆகிறது என்று போனில் சொல்வதாகச் சடையன் சொல்லியிருக்கிறார். அதை எழுத, பக்கத்தில் இடம் விட்டிருக்கிறேன்.