வானத்து ஆட்கள் வெட்டிய கிணறு

கனடாவிலிருந்து சித்தப்பா வந்திறங்கியபோது அவருடைய பெட்டிகளில் ஒன்று நிறையப் புத்தகங்கள் இருந்தன. மற்றப் பெட்டியில் சொக்லேட் இருக்கும் என்று நம்பியிருந்தேன். அதிலும் பாதி இடத்தைப் புத்தகங்களே பிடித்திருந்தன. அந்த ஏமாற்றத்தில்தான் எனக்கு அவர்மேல் முதல் சந்தேகம் விழுந்திருக்க வேண்டும்.

அப்போது எனக்குப் பதினொரு வயது. எதையும் எளிதில் நம்பாத பிள்ளை. முட்டை போடாத கேக் என்று அம்மா சொன்னால், குப்பை வாளியைத் திறந்து முட்டைக்கோது கிடக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் வாயில் வைப்பேன். அப்படிப்பட்டவளிடம் வந்து, ஆயிரக்கணக்கான வருஷங்களுக்கு முன் வேற்றுக் கிரகத்து ஆட்கள் பூமிக்கு வந்து பெரிய பெரிய கட்டடங்களைக் கட்டிக் கொடுத்துவிட்டுப் போனார்கள் என்றார் சித்தப்பா. எகிப்தின் பிரமிட்டுகள், பெரு நாட்டின் மலைக்கோட்டைகள், இந்தியாவின் கோயில்கள் எல்லாம் அவர்கள் கைவேலையாம். நமது புராணங்களில் பறக்கிற தேர்கள்கூட அவர்கள் வந்து போன வாகனங்கள்தானாம்.

“உங்கடை ரொறன்ரோவிலை இருக்கிற உயரமான கோபுரத்தையும் அவையோ கட்டினவை?” என்று கேட்டேன்.

“சீச்சீ, அதுக்கு எஞ்சினியர்மார் இருந்தவையெல்லோ.”

மத்தியானத்தில் அவர் உறங்கும்போது, தமிழில் இருந்த புத்தகங்களை எடுத்துப் புரட்டுவேன். சுவாரசியமாகத்தான் இருந்தன, பொய் சொல்லக்கூடாது. ஆனால் அவற்றின் கள்ளம் ஒன்று எனக்குப் பிடிபட்டது. முதற் பக்கத்தில் ‘இப்படி இருந்திருக்கலாம் அல்லவா?’ என்று பணிவாகக் கேட்பார்கள். நாலு பக்கம் தள்ளி அதே விஷயம் ‘நாம் ஏற்கெனவே பார்த்தபடி’ என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு வந்து நிற்கும்.

அப்பாவிடம் இந்தப் பருப்பெல்லாம் வேகவில்லை. சாதகம் பார்ப்பதையே கேலி செய்கிற மனிதர் அவர். தம்பி வானத்தைப் பற்றிக் கதைக்கத் தொடங்கினால், “இவனுக்குக் குளிரிலை மண்டை விறைச்சுப் போச்சு” என்று எங்களுக்குச் சொல்லிவிட்டுத் தோட்டப் பக்கம் போய்விடுவார்.

எங்கள் வீடு புங்குடுதீவில், இறுப்பிட்டியில் இருந்தது. அங்கே கிணறு இல்லாத வீட்டு வளவு குறைவு. வாயில் வைக்கக்கூடிய தண்ணீர் உள்ள கிணறு அதைவிடக் குறைவு. எங்கள் அயலில் எங்கள் கிணறு ஒன்றில்தான் நல்ல தண்ணீர் ஊறியது. மேலே கல்லால் கட்டிய கட்டு, அதற்குக் கீழே பாறையைக் குடைந்த பெரிய வட்டம். சித்தப்பா ஒரு கிழமை அதைச் சுற்றிச் சுற்றி வந்து, கைபேசியில் படம் பிடித்து, கடைசியில் தீர்ப்புச் சொன்னார். இவ்வளவு திருத்தமான வட்டத்தை, சுற்றிவர எல்லாம் உவராக இருக்க இந்த ஒரு இடத்தைப் பார்த்து, மனிதரால் வெட்டியிருக்க ஏலாதாம்.

அந்த வருஷம் மழை பிந்தியது. பிரதேச சபையின் தண்ணீர் பவுசர் லொறி தனக்கு நினைத்த நேரம் வந்தது. தெருவுக்கு அங்காலே அதை நம்பி இருந்த குடும்பங்களில் என் வகுப்புத் தோழியின் குடும்பமும் ஒன்று. பவுசர் வருகிற நாளில் அவள் பள்ளிக்கூடத்துக்கு வரமாட்டாள், குடத்தோடு தெருவில் நிற்பாள். பவுசர் வராவிட்டால் அவர்கள் எங்கள் கிணற்றடிக்கு வருவார்கள். அம்மாதான் அள்ளி அவர்களுடைய குடங்களில் ஊற்றுவா. அவர்கள் கயிற்றில் கை வைப்பதில்லை. குனிந்து நிமிர நாரி நோவதையும் பாராமல் அம்மா இப்படி உபசரிக்கிறாவே என்று எனக்குப் பெருமையாக இருக்கும். சாதி என்ற சொல்லை எங்கள் வீட்டில் யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை. ஆகவே அது எங்கள் வீட்டில் இல்லை என்றே நினைத்திருந்தேன்.

ஒருநாள் பின்னேரம் பிரதேச சபை உத்தியோகத்தர் ஒருவர் என் தோழியின் தகப்பனையும் கூட்டிக்கொண்டு வந்தார். கிணற்றில் ஒரு மோட்டர் பூட்டி, குழாய் இழுத்து, தெருமுனையில் தண்ணீர்த் தாங்கி வைத்தால் எல்லோரும் தாங்களே பிடித்துக்கொள்ளலாம், அப்பா சம்மதித்தால் போதும் என்றார். கிணறு வற்றிவிடும் என்றார் அப்பா. பார்த்துவிட்டோம், வற்றாது என்றார் உத்தியோகத்தர். இது பரம்பரைச் சொத்து என்றார் அப்பா. அதுவரை ஒதுங்கி நின்ற தோழியின் தகப்பன் அப்போதுதான் வாய் திறந்தார்.

“ஓமையா, காணி உங்கடைதான். ஆனா கிணத்தை வெட்டினது எங்கடை ஆக்கள். என்ரை பாட்டன் இதுக்குள்ளை இறங்கிக் கல்லுடைச்சவர்.”

விறாந்தையில் இருந்த சித்தப்பாவின் பக்கம் அப்பா திரும்பினார்.

“இதை ஆர் வெட்டினதெண்டு ஒருத்தருக்கும் தெரியாது. தம்பி இதைப்பற்றி ஆராய்ஞ்சு வைச்சிருக்கிறார். நீர் சொல்லும் தம்பி.”

சித்தப்பாவின் முகத்தைப் பார்க்க வேண்டுமே! ஊருக்கு வந்த நாள்முதல் அண்ணன் அவரை மதித்துக் கேட்ட முதல் கேள்வி அது. எழுந்து நின்று, எகிப்திலிருந்து தொடங்கினார். உத்தியோகத்தர் பேனாவை மூடிச் சட்டைப் பையில் வைத்தார். மண்டை விறைத்துப் போச்சு என்று சொன்ன அதே அப்பா ஒவ்வொரு வசனத்துக்கும் தலையாட்டிக்கொண்டிருந்தார். எனக்கு அது பிடிக்கவே இல்லை. சித்தப்பாவை நான் சந்தேகித்தேன் என்றாலும், அவர் மனதார நம்பித்தான் பேசினார். அப்பாவின் தலையாட்டலில் வேறு ஏதோ இருந்தது. என்னவென்றுதான் பிடிபடவில்லை.

என்னிடம் ஒரு சாட்சி இருந்தது. தண்ணீர் கீழே இறங்கிய அந்த நாட்களில் சித்தப்பாவின் ரோச் லைற்றை எடுத்துக் கிணற்றுக்குள் அடித்துப் பார்த்திருந்தேன். கட்டு முடிந்து பாறை தொடங்கும் இடத்திலிருந்து கீழ்நோக்கி, இடமும் வலமுமாக மாறி மாறிச் சின்னச் சின்னக் குழிகள். முன்பாதத்தை வைத்து இறங்குகிற அளவு.

“சித்தப்பா, பறக்கிற ஆக்களுக்குக் கால் வைச்சு ஏறக் குழி எதுக்கு? கிணத்துக்குள்ளை இருக்கு. நான் பார்த்தனான்.”

தோழியின் தகப்பன் சிரித்துவிட்டார். வேறு யாரும் சிரிக்கவில்லை. அம்மா என் கையைப் பிடித்துக் குசினிக்குள் இழுத்துப்போய்த் தொடையில் நல்லாக ஒன்று தந்தா. பெரியவர்கள் கதைக்கும்போது வாய் காட்டினதற்காம். யோசித்துச் சொல்கிறேன் என்று அப்பா வந்தவர்களை அனுப்பிவிட்டார்.

சித்தப்பா ரோச் லைற்றோடு நேரே கிணற்றடிக்குப் போனார். இராச்சாப்பாட்டுக்கு வந்து இருந்தபோது அவருடைய முகம் சுருங்கிப் போயிருந்தது.

“அண்ணை, பிள்ளை சொன்னது சரி. மனிசர்தான் வெட்டியிருக்கினம். அந்தாள் சொன்னதுதான் உண்மை போலை கிடக்கு.”

அவரை எனக்கு உண்மையாகவே பிடித்துப்போனது அந்த நிமிஷத்தில்தான். அப்பா பாதிச் சோற்றில் எழும்பிக் கையைக் கழுவினார்.

அப்பா சோற்றை மிச்சம் விடுகிற மனிதரல்ல. எனக்கு அழுகை வந்துவிட்டது. அவரும் மெல்ல மெல்ல வானத்து ஆட்களை நம்பத் தொடங்கியிருக்கிறார், நான்தான் குறுக்கே விழுந்து கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன். விறாந்தையில் கதிரையைப் போட்டுக்கொண்டு தனியாக இருந்தவரிடம் போய், “குழி இருந்தாலும் அவையாயும் இருக்கலாம் அப்பா. அவையின்ரை மெசின் பழுதாப் போயிருக்கும், அதுதான் இறங்கி ஏறியிருப்பினம்” என்றேன்.

அப்பா என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு, “ஓம் பிள்ளை, அப்பிடித்தான் இருக்கும்” என்று என்னை இழுத்து அணைத்துக்கொண்டார். எவ்வளவு சுலபமாக அவரைத் தேற்றிவிட்டேன் என்று எனக்கு ஒரே புளுகமும் சந்தோஷமும்.

அடுத்த நாள் அவர் பிரதேச சபைக்குப் போய், குழாய்க்குச் சம்மதமில்லை என்று சொல்லிவிட்டு, எனக்குப் பெரிய பெட்டி கிறீம் பிஸ்கற் வாங்கிக்கொண்டு வந்தார். நான் அதைப் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோய்த் தோழியிடம் நீட்டினேன். முந்தின கிழமைவரை என் கையிலிருந்து பறித்துத் தின்றவள், வேண்டாம் என்று தலையை ஆட்டிவிட்டு வகுப்பில் அடுத்த வாங்கில் போய் இருந்தாள். அவளுக்கு வயிறு சரியில்லையாக்கும் என்று நினைத்து, மிச்சத்தையும் நானே தின்று முடித்தேன்.