பூத்தூவலோடு ஒரு பேக்கப்

என் பழைய பிளேஸ்டேஷன் கேம் டிஸ்க் ஆறிலும் கீறல். அடியோடு போவதற்குள் காப்பி எடுத்து வைக்கலாமென்று, நாகல் நகரில் கல்யாண கேசட்டுகளைப் பென்டிரைவில் ஏற்றித் தரும் கடையில் கொடுத்திருந்தேன்.

"அப்படியே முழுசா எடுங்கண்ணே" என்று மூன்று தடவை சொன்னேன்.

இன்று பென்டிரைவை வாங்கி வந்து டிவியில் போட்டால், முதலில் பிள்ளையார் வருகிறார். நாதஸ்வரத்தோடு பூ விழுகிறது. பிறகு ஒவ்வொரு கேமிலும் தொடக்கத்தில் வரும் வீடியோ மட்டும் ஓடுகிறது. கேமைக் காணோம்.

கடைக்கே திரும்ப ஓடினேன்.

"டிவில ஓடுறத அம்புட்டையும் எடுத்துட்டேன் தம்பி. மத்தது ஒண்ணும் ஓடல."

"சரிண்ணே, டிஸ்க்கைக் குடுங்க."

"அது எதுக்கு? ஏத்துன பெறகு கேசட்ட யாரும் திருப்பிக் கேக்க மாட்டாங்களே. குப்பைல போட்டுட்டேன்."

ஆறு கேமுக்கும் கல்யாணம் நல்லபடியாக முடிந்தது. மொய் எழுத வருகிறவர்கள் தயவுசெய்து டிஸ்க்காக எழுதவும்.