நாற்பத்தோராவது ரோலில் காணாமல் போன இருபத்தெட்டு அடி

1. பிந்தி வந்த குரல்

திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு நாற்பத்தோராவது ரோலை எடிட்டிங் டேபிளில் ஏற்றி ஓட்டினேன். கதாநாயகன் வாய் திறந்தான், குரல் வரவில்லை. அவன் பேசி முடித்துத் திரும்பி நடந்து கதவைச் சாத்திய பிறகுதான் குரல் வந்தது. சனிக்கிழமை மாலை இதே ரோலை நானே ஒலியோடு பொருத்தி சிங்க் பார்த்து, பீரோவில் வைத்துப் பூட்டியிருந்தேன்.

கம்ப்யூட்டரில் எடிட் செய்கிறவர்களுக்காக ஒன்று சொல்கிறேன். அப்போது படம் ஒரு சுருள், ஒலி வேறொரு சுருள். கிளாப் பலகை மூடும் ஃபிரேமையும் அந்த 'டக்' சத்தத்தையும் பொருத்தி இரண்டையும் சேர்த்து ஓட்டுவோம். ஒன்றில் மட்டும் ஒரு துண்டை எடுத்துவிட்டால் அதற்குப் பின்னால் வருவதெல்லாம் பொருந்தாமல் போய்விடும். ஆகவே யாரோ படத்தில் கை வைத்திருக்கிறார்கள். ஒலியைத் தொடவில்லை.

ஃபிலிம் ஓரத்து எண்களைச் சரிபார்த்தேன். இருபத்தெட்டு அடி இல்லை. வெட்டிய இடத்தை டேப் போட்டு ஒட்டியிருந்தார்கள். டேப் கோணலாக இருந்தது. என்ன ஷாட் என்று லாக் நோட்டில் பார்த்தேன். மில் சீன், சிம்ப்ளக்ஸ் மெஷின், மூன்றாவது டேக்.

அந்த மெஷினில்தான் மில் தொழிலாளி பாப்பாத்திக்கு விரல் போனது.

2. படமும் விபத்தும்

நான் அன்னூர்க்காரன். எண்பதுகளில் ஸ்காலர்ஷிப் கிடைத்து மாஸ்கோ போய் எடிட்டிங் படித்தேன். அங்கே எடிட்டிங் அறைகளில் பெரும்பாலும் பெண்கள்தான். அவர்களிடம் அசிஸ்டெண்டாக நாலைந்து படங்கள் வேலை பார்த்தேன். சோவியத் உடைந்தபின் ஸ்டுடியோக்கள் காற்றாடின. அந்த நேரத்தில் விக்தர் செர்கேயெவிச் என்ற டைரக்டர் என்னைக் கூப்பிட்டார். கோயமுத்தூர் மில்லுக்கு மெஷின் பொருத்த வந்த ரஷ்ய இஞ்சினியரின் கதை. "உன் ஊர், உன் மொழி. எடிட்டிங்கும் நீ, ஷூட்டிங்கில் மொழிபெயர்ப்பும் நீ" என்றார். டைட்டிலில் எடிட்டர் என்று முதல் தடவையாக என் பெயர் வரப்போகிறது. எல்லாவற்றுக்கும் தலையாட்டினேன்.

கோயமுத்தூர் ராமநாதபுரத்தில் ஒரு வீடு பிடித்து, மெட்ராஸிலிருந்து டேபிளை லாரியில் இறக்கினோம். நெகட்டிவ் மெட்ராஸ் லேபிலேயே இருக்கும். பிரிண்ட் மட்டும் ரயிலில் வரும். எனக்கு அசிஸ்டெண்ட் லதா. கல்யாண வீடியோ எடிட் செய்துகொண்டிருந்தவர், இரண்டு பிள்ளைகளின் தாய். ஃபிலிமைத் தொட்டுப் பழகாதவர், ஒரே வாரத்தில் என்னைவிடச் சுத்தமாக ஜாயின் போட்டார்.

அவிநாசிக்குப் பக்கத்தில் ஒரு மில்லில் நான்கு நாள் ஷூட்டிங். மூன்றாம் நாள், ஷாட் முடிந்து யூனிட் அடுத்த ஷெட்டுக்கு நகர்ந்த பிறகு, பஞ்சைத் திரியாக முறுக்கும் அந்த சிம்ப்ளக்ஸ் மெஷினில் வேலை பார்க்கும் பாப்பாத்தி கீழே விழுந்த பஞ்சுத் திரியை எடுக்கக் குனிந்தார். பக்கவாட்டில் ஓடிக்கொண்டிருந்த கியரில் வலது கை மாட்டியது. இரண்டு விரல்கள் போயின. கியரை மூடியிருக்க வேண்டிய தகடு அந்த நேரத்தில் அங்கே இல்லை.

மில் மேனேஜர் நடராஜன் அன்றே சொல்லிவிட்டார். "சுத்தம் பண்றேன்னு அந்தப் புள்ளையே மூடியத் தொறந்துபோட்டுதுங்க. பல தடவ சொல்லியாச்சுங்க. கேட்டாத்தானுங்களே."

பாப்பாத்தியை சஸ்பெண்ட் செய்து, உள் விசாரணைக்கு நாள் குறித்தார்கள். தப்பு அவர்மேல் என்று முடிவானால் வேலை போய்விடும்.

3. ஆளுக்கு ஆள் சந்தேகம்

இப்போது கதை எனக்குப் புரிந்தது போலிருந்தது. மூன்றாவது டேக்கில் அந்த மெஷின் முழுசாகத் தெரியும். மூடி யாரால், எப்போது போனது என்பதும் அதில் தெரியக்கூடும். அதனால் ஒருவர் எடுத்திருக்கிறார். யார்?

முதலில் நடராஜன்மேல் சந்தேகப்பட்டேன். விபத்துக்குப் பிறகு அவர் அடிக்கடி எடிட்டிங் அறைக்கு வந்தார். "ஏனுங்க எடிட்டரு, எங்க மில்லு எப்படி வந்திருக்குதுங்க? காட்டுங்க பாக்கலாம்" என்பார். ஒரு பை முறுக்கு வைத்துவிட்டுப் போவார். ஒருநாள் அவரும் விக்தரும் வாசலில் நின்று பேசுவதைப் பார்த்தேன். இவருக்கு ரஷ்யன் தெரியாது, அவருக்குத் தமிழ் தெரியாது. இருந்தும் என்னைக் கூப்பிடவில்லை. நான் அருகே போனதும் பேச்சு நின்றது.

ஆனால் பீரோச் சாவி நடராஜனிடம் கிடையாது. என்னிடம் ஒன்று, லதாவிடம் ஒன்று. லதாவின் சின்னம்மா அதே மில்லில் நூல் சுற்றும் ரீலிங் பகுதியில் வேலை பார்க்கிறார் என்பது ஞாபகம் வந்தது. சின்னம்மாவுக்கு மேனேஜர் ஏதாவது சொல்லியிருப்பாரோ? இரண்டு நாள் லதா பின்னாலேயே கண்ணை வைத்திருந்தேன். அவருடைய கைப்பை டேபிள்மேல் இருந்தபோது, சொல்ல வெட்கமாக இருக்கிறது, திறந்து பார்த்தேன். டிபன் பாக்ஸும் பஸ் டிக்கெட்டும் இருந்தன. அப்போதும் மனம் ஆறவில்லை. நேராகவே கேட்டுவிட்டேன்.

"லதா, நாப்பத்தொன்னுல ஒரு டேக் இல்ல. சாவி நம்ம ரெண்டு பேர்கிட்டத்தான் இருக்கு."

அவர் கத்தரிக்கோலைக் கீழே வைத்தார். "ஏனுங்க சார், என்னையத் திருடிங்கறீங்களா?"

"அப்படிச் சொல்லல. கேக்கறேன்."

"பையத் தொறந்து பாத்தீங்களே, அதும் கேக்கறதுதானுங்களா?"

அவர் ரோலைச் சுழற்றி, அந்த ஒட்டை என் முகத்துக்கு நேரே பிடித்தார்.

"இதப் பாருங்க. நான் ஒட்டுனா இப்படியா இருக்கும்? டேப்பு கோணலு, ஃபிலிம் ஓரத்து ஓட்டையெல்லாம் அடைச்சிருக்குது. டேபிள்ல உக்காந்து பழகாத கையிங்க இது. இத நீங்க மொதல்லயே பாத்திருப்பீங்க. பாத்துமா கேக்கறீங்க?"

பார்த்திருந்தேன். பார்த்தும் கேட்டேன். சந்தேகம் வந்துவிட்டால் கண்முன் இருக்கும் அத்தாட்சிகூடத் தெரியாது என்பதை அன்று கற்றுக்கொண்டேன்.

லதா வீட்டுக்குப் போய்விடுவார் என்று நினைத்தேன். போகவில்லை. "படம் போச்சு, சரிங்க. சவுண்டு அப்படியேதான இருக்குது? அத முழுசாக் கேட்டுப் பாத்தீங்களா?" என்றார்.

4. கிளாப்புக்கு முன்னால்

ஷூட்டிங்கில் ஒலிப்பதிவு முதலில் ஓடத் தொடங்கும். கேமரா அதற்குப் பிறகுதான். ஆகவே கிளாப்புக்கு முன் செட்டில் நடக்கும் பேச்செல்லாம் ஒலிச்சுருளில் இருக்கும். அதை எந்த எடிட்டரும் உட்கார்ந்து கேட்பதில்லை. வேகமாக ஓட்டி 'டக்'கில் நிறுத்துவோம்.

அன்று சாதாரண வேகத்தில் ஓட்டினோம். மெஷின் இன்னும் ஓட ஆரம்பிக்காத நேரம், குரல்கள் தெளிவாக இருந்தன. முதலில் விக்தர் ரஷ்யனில் சொல்வது கேட்டது: "அந்தத் தகரத்தை எடுக்கச் சொல். எனக்கு உள்ளே பல்சக்கரம் சுற்றுவது தெரிய வேண்டும்."

உடனே தமிழில் இன்னொரு குரல்: "மூடியக் கழட்டிருங்க. உள்ள கியர் சுத்தறது தெரியணுமாம்."

அடுத்து நடராஜன்: "அதுக்கென்னங்க, கழட்டிப்போடலாம். டேய், ஸ்பானர் எடுத்தா."

நடுவில் வந்த குரல் என்னுடையது.

லதா என்னைப் பார்க்கவில்லை. சுருள் சுற்றிக்கொண்டே இருந்தது. 'டக்' கேட்டது, மெஷின் இரைச்சல் எழுந்தது. நான் டேபிளை நிறுத்தக்கூட இல்லை.

ஒரு நாளைக்கு நூறு வாக்கியம் மொழிபெயர்த்தேன். ஒரு காதில் வாங்கி வாயால் விட்டுவிடுவேன், மனதில் எதுவும் தங்காது. இதை மறந்துவிட்டேன் என்று அன்று லதாவிடம் சொன்னேன். அது முழு உண்மைதானா என்று எனக்கு இன்றும் சந்தேகம் உண்டு.

5. விக்தர்

மதியம் ஓட்டல் அறைக்குப் போனேன். விக்தர் தோசையை ஃபோர்க்கால் வெட்டிக்கொண்டிருந்தார். நான் நாற்காலியில் உட்காராமலே கேட்டேன். அவர் மறுக்கவில்லை.

"ஞாயிற்றுக்கிழமை உன் சாவியை வாங்கினேனே, ஞாபகம் இருக்கிறதா? ரஷ் பிரிண்ட் பார்க்கிறேன் என்று சொல்லி."

நான் அதையும் மறந்திருந்தேன். டைரக்டர்மேல் சந்தேகப்படலாம் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

"உங்கள் மேனேஜர் வந்து, கையால் மூடிக் காட்டி, கவர், பிக்சர், ப்ராப்ளம் என்று இங்கிலீஷில் மூன்று வார்த்தை சொன்னார். அது போதுமாக இருந்தது. போலீஸ் வந்தால் ஃபிலிமைப் பிடித்துவைப்பார்கள். எங்கள் எல்லோருடைய விசாவும் போகும். மூன்று வருஷமாக இந்தப் படத்துக்காக அலைகிறேன்." தட்டை நகர்த்தினார். "அந்தத் துண்டு சத்தியமங்கலத்தில் பவானி ஆற்றில் போய்விட்டது. லேபில் வேறு பிரிண்ட் கேட்டால், என் கையெழுத்து இல்லாமல் தரமாட்டார்கள்."

"அந்தப் பெண்ணுக்கு வேலை போகுது, விக்தர் செர்கேயெவிச்."

"கழற்று என்று தமிழில் சொன்னது நீ. என் குரல் அங்கே யாருக்குப் புரியும்? யோசித்துக்கொள்."

அவர் மிரட்டவில்லை. அவரும் பயந்துதான் இருந்தார். அதனால் எனக்குக் கோபம்கூடச் சரியாக வரவில்லை.

6. விசாரணை

டேபிள் ஸ்பீக்கருக்கு முன்னால் டேப்ரிக்கார்டரை வைத்து லதாவே கேசட்டில் பதிவு செய்து கொடுத்தார். விசாரணை மில் ஆபீசில், ஒரு வக்கீல் முன்னிலையில் நடந்தது. பாப்பாத்தி கையில் கட்டோடு ஓரமாக உட்கார்ந்திருந்தார். நான் உள்ளே நுழைந்ததும் நடராஜன் எழுந்தார்.

"இவரு வெளியாளுங்க. இவருக்கு இங்க என்னங்க வேல?"

நான் பதில் சொல்லுமுன் பாப்பாத்தி பேசினார். "அவரு என்ற சாட்சிங்க." அதற்கு முன் அவரும் நானும் ஒரு வார்த்தை பேசியதில்லை.

வக்கீல் கேசட்டைப் போடச் சொன்னார். முடிந்ததும் என்னைப் பார்த்தார். "நடுவுல வர்ற குரல் யாருது?"

"என்னுதுங்க."

"அப்போ மூடியக் கழட்டச் சொன்னது நீங்க."

"ஆமாங்க. டைரக்டர் சொன்னார், நான் தமிழ்ல சொன்னேன், மேனேஜர் கழட்ட வெச்சார். ஷாட் முடிஞ்சு திருப்பி மாட்டச் சொல்லணும்னு மூணு பேருக்கும் தோணல."

வக்கீல் அதை எழுதிக்கொண்டார்.

பாப்பாத்தியைத் திரும்ப வேலைக்கு எடுத்தார்கள். மெஷின் வேலை இல்லாத, வருகைப் பதிவு பார்க்கும் டைம் ஆபீசில் போட்டார்கள். நடராஜனை வேறு யூனிட்டுக்கு மாற்றினார்கள். போலீஸ் வரவில்லை, ஃபிலிமையும் யாரும் பிடிக்கவில்லை. விக்தர் படத்தை மாஸ்கோவுக்குக் கொண்டுபோய் வேறு எடிட்டரை வைத்து முடித்தார். டைட்டிலில் என் பெயர் வரவில்லை. மாஸ்கோவில் எனக்கு அடுத்த வேலை கிடைக்க இரண்டு வருஷம் ஆனது. அதன்பின் நான் எடிட் செய்த ரஷ்யப் படங்களை அங்கே பார்த்திருக்கிறார்கள், இங்கே யாரும் பார்த்ததில்லை. விசாரணைக்கு மறுநாள் லதாவிடம் மன்னிப்புக் கேட்டேன். "செரிங்க" என்றார். பையை மட்டும் அதன்பின் டேபிள்மேல் வைக்கவில்லை.

அன்று விசாரணை முடிந்து மில் கேட்டருகே நின்றபோது பாப்பாத்தி என்னிடம் வந்தார். நன்றி சொல்லப்போகிறார் என்று நினைத்தேன்.

"ஏனுங்ணா, ரஷ்யாக்காரருகூட வந்த அண்ணன் சொல்லித்தான் கழட்டுனாங்கன்னு நான் மொத நாளே சொல்லிப்போட்டனுங்க. யாரும் நம்பலீங்க. ஆஸ்பத்திரியில பன்னண்டு நாளு கெடந்தேன். நீங்க ஒருவாட்டி வந்து, என்னம்மிணி நடந்துச்சுன்னு கேட்டிருக்கலாமுங்களே?"

அந்த நாட்களில் நான் பூட்டையும் சாவியையும் மற்றவர்கள் முகத்தையும் பார்த்துக்கொண்டிருந்தேன். நடந்தது என்ன என்று தெரிந்த ஒருவர் டவுன் பஸ்ஸில் போய்ச் சேரும் தூரத்தில் படுத்திருந்தார். எடிட்டிங் அறையை விட்டு எழுந்து போய்க் கேட்க வேண்டியதும் இந்தத் தொழிலில் உண்டு. அதை எனக்கு எந்தப் பள்ளியிலும் சொல்லித்தரவில்லை.